அழைக்காமல் வந்தவள்

அந்தக் காலத்தில் யானைக்கும் மனிதனுக்கும் பேச்சு ஒன்றுதான். காட்டை விட்டு இறங்கி ஊர் ஓரமாக நடக்கும்போது யானை வாய் திறந்து வழி கேட்கும். மனிதன் வழி சொல்லுவான். இருவருக்கும் நடுவில் சண்டையே வந்ததில்லை என்று சொல்ல முடியாது. ஆனால் கேட்டால் பதில் சொல்ல வேண்டும், சொல்லும் பதில் உண்மையாக இருக்க வேண்டும் என்பதை மட்டும் யாரும் மீறியதில்லை.

மலையடிவாரத்தில் மூங்கில்துறை என்று ஓர் ஊர். பன்னிரண்டே குடிசைகள். ஒரு பக்கம் காடு, மறுபக்கம் ஆறு. கோடையில் மலைச்சுனைகள் வற்றியதும் யானைக்கூட்டம் ஊரைக் கடந்துதான் ஆற்றுக்குப் போக வேண்டும். கூட்டத்துக்கு முன்னால் நடப்பவளுக்கு இடது காது பாதி கிழிந்திருக்கும். அவளைக் கிழிகாதி என்று ஊரார் தங்களுக்குள் சொல்லிக்கொள்வார்கள். நேரில் பெரியம்மா என்பார்கள். அவள் காட்டு விளிம்பில் வந்து நின்று, "பாதை எப்படி இருக்கு?" என்று கேட்பாள். வயலில் நிற்பவன், "நல்லா இருக்கு, வாங்க பெரியம்மா" என்பான். இல்லாவிட்டால், "இங்கே விதைச்சிருக்கு, மூங்கில் புதர் வழியாச் சுத்திப் போங்க" என்பான். அவளும் சுற்றிக்கொண்டு போவாள்.

அந்த ஊராருக்குச் சாவைப் பற்றி ஒரு பயம் இருந்தது. சாவு நுழைந்த வீட்டுக்குப் போய் வருகிறவர்களின் முதுகுக்குப் பின்னாலேயே சாவும் நடந்து வந்து அடுத்த வீட்டுக்குள் புகுந்துவிடும் என்று நம்பினார்கள். அதனால் ஒரு வீட்டில் உயிர் போனால், பக்கத்து வீட்டுக்காரன் இலந்தை முள்ளை வெட்டி அந்த வாசலில் போடுவான். ஒரு மாதத்துக்கு அந்த வாசலை யாரும் மிதிக்க மாட்டார்கள். உள்ளே இருப்பவர்கள் தங்கள் பிணத்தைத் தாங்களே தூக்கி, தாங்களே குழி தோண்டி, தாங்களே அழுது முடிக்க வேண்டும். அது கொடுமை என்று யாருக்கும் தோன்றவில்லை. எல்லோருக்கும் நடப்பதுதானே என்று இருந்தார்கள்.

அந்த ஊரில் கெம்பன் என்று ஒருவன். அவன் மனைவி மாதி. எட்டு வயதில் ஒரே மகள், பெயர் வெள்ளி. அடுத்த குடிசையில் நாகி இருந்தாள். நாகியின் புருஷன் தேன் எடுக்கப் பாறை ஏறி, கொடி அறுந்து விழுந்து, இரண்டு நாள் முனகிக் கிடந்து வீட்டிலேயே செத்துப்போனான். அவள் வாசலில் முள் போட்டவன் கெம்பன்தான். பக்கத்து வீட்டுக்காரன் செய்ய வேண்டிய வேலை அது. அன்று உள்ளேயிருந்து நாகி கூப்பிட்டாள்.

"அண்ணா, தூக்குறதுக்கு ஒரு கை மட்டும் குடுங்கண்ணா. என்னால முடியலை."

கெம்பன் காதில் விழாதவன் போல வீட்டுக்குள் போய்ப் படலைச் சாத்திக்கொண்டான். மாதி எழுந்து படல் வரைக்கும் போனாள். தூங்கிக்கொண்டிருந்த மகளைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு வந்து உட்கார்ந்துவிட்டாள்.

அதற்கடுத்த வருஷம் மழை சரியில்லை. கெம்பனின் மேட்டு நிலத்தில் தினை முளைக்கவே இல்லை. வீட்டில் கிழங்கைத் தவிர வேறு எதுவும் இல்லாத நாள்கள் வந்தன. வெள்ளியின் கழுத்தெலும்பு துருத்திக்கொண்டு தெரிந்தது. கெம்பன் யோசித்து யோசித்து, ஈரம் காயாத மண் எங்கே இருக்கிறது என்று தேடினான். யானைகள் ஆற்றுக்குப் போகும் தடத்தில்தான் இருந்தது. அங்கே புல்லை வெட்டி, மண்ணைக் கிளறி, தினை விதைத்தான். பயிர் முழங்கால் உயரத்துக்கு வந்தது. அதைப் பார்க்கும்போதே வயிறு நிறைந்தது அவனுக்கு.

"தடத்துல விதைச்சா அவங்க எந்த வழியாப் போவாங்க?" என்று மாதி கேட்டாள்.

"அவங்களுக்கு மலை முழுக்க இருக்கு. நமக்கு இது ஒண்ணுதான்."

சுற்றிப் போங்கள் என்று அவன் யானைகளிடம் கேட்டிருக்கலாம். ஆனால் அந்த ஆண்டு சுற்று வழியில் பாறை சரிந்து கிடந்தது. வேறு வழி இல்லை. கேட்டால் கிழிகாதி, "இது எங்க பாட்டி நடந்த தடம்" என்பாள். ஊரும் அவள் பக்கமே பேசும். கெம்பன் ஊரில் யாரிடமும் சொல்லாமல் வயலின் தலைமாட்டில் ஒரு குழி தோண்டினான். எட்டு நாள் தோண்டினான். மேலே மூங்கில் பரப்பி, தழை போட்டு, மண் தூவினான். ஒரு யானை விழுந்து கால் முறிந்தால் போதும், மற்றவை இந்தப் பக்கம் எட்டிப் பார்க்காது என்பது அவன் கணக்கு.

ஒன்பதாம் நாள் விடிந்து வெயில் ஏறும் நேரத்தில் காட்டு விளிம்பில் கூட்டம் வந்து நின்றது. எல்லாம் தாகத்தில் இருந்தன. கிழிகாதியின் காலோடு ஒட்டிக்கொண்டு அவளுடைய குட்டி நின்றது. பிறந்து ஆறு மாதம்கூட ஆகியிருக்காது.

"கெம்பா, பாதை எப்படி இருக்கு?" என்றாள் கிழிகாதி.

கெம்பன் வயல் காவல் பரணிலிருந்து இறங்கி நின்றான். அவனுக்குப் பின்னால் மாதி கஞ்சிக் கலயத்தோடு நின்றாள்.

"நல்லா இருக்கு பெரியம்மா. நேரா வாங்க" என்றான் கெம்பன்.

மனிதன் யானையிடம் சொன்ன முதல் பொய் அதுதான்.

அவள் நம்பி நடந்தாள். ஆனால் ஆற்று வாசனை பிடித்த குட்டி அவளுக்கு முன்னால் குதித்து ஓடியது. கெம்பன் குட்டியை நினைத்திருக்கவில்லை. "ஐயோ" என்று அவன் வாயிலிருந்து சத்தம் வருவதற்குள் மூங்கில் முறிந்தது.

கிழிகாதியும் கூட்டத்தாரும் குட்டியை மேலே எடுக்கப் பார்த்தார்கள். கரை சரிந்துகொண்டே இருந்தது. உச்சிப் பொழுதுக்குள் குட்டியின் சத்தம் நின்றுவிட்டது. பிறகு கூட்டம் குழியைச் சுற்றி நின்றது. மூன்று நாள் எந்த யானையும் ஆற்றுக்குப் போகவில்லை. மூன்றாம் நாள் மாலை மரக்கிளைகளை ஒடித்துக் குழிக்குள் போட்டார்கள். காலால் மண்ணைத் தள்ளி மூடினார்கள். தினை முழுவதும் கால் பட்டு நாசமாகிப்போயிருந்தது. கிளம்பும்போது கிழிகாதி பரணுக்குக் கீழே வந்து நின்றாள். கெம்பன் மேலே உட்கார்ந்திருந்தான்.

"நீ வாங்கன்னு சொன்னே" என்றாள். போய்விட்டாள்.

அதற்குப் பிறகு யானைகள் அந்த ஊர்ப் பக்கம் வரவில்லை. மழைக்காலம் தொடங்கியது. ஆறு நிறைந்தது. ஊரில் காய்ச்சல் பரவியது; மற்றப் பிள்ளைகளுக்கெல்லாம் வந்து போயிற்று. வெள்ளிக்கு மட்டும் போகவில்லை. ஐந்தாம் நாள் காலையில் மாதி அவளுக்குத் தலை வாரிக்கொண்டிருந்தாள். பாதிப் பின்னலில் பிள்ளையின் தலை சாய்ந்தது.

மாதி போட்ட அலறலில் ஊருக்கே விஷயம் தெரிந்தது. மற்றப் பதினொரு வீட்டுப் படலும் சாத்திக்கொண்டன. பக்கத்து வீட்டில் ஆண்பிள்ளை இல்லாததால், எதிர்வீட்டுக்காரன் முள் வெட்டி வந்து போட்டுவிட்டு, தலை நிமிராமல் போனான்.

மாதி பிள்ளையை மடியிலிருந்து இறக்கவில்லை. கெம்பன் கடப்பாரையை எடுத்துக்கொண்டு கொல்லைப் பக்கம் போனான். இரண்டு குத்துக் குத்தியிருப்பான்.

"தோண்டாதே!" என்று உள்ளேயிருந்து மாதி கத்தினாள். "உன் கை தோண்டின குழியில என் பிள்ளையை வைக்க மாட்டேன்."

கெம்பன் கடப்பாரையைக் கீழே போட்டான். அவனுக்கும் அதற்கு மேல் கை எழவில்லை. சுவரோடு சாய்ந்து உட்கார்ந்துவிட்டான். அன்று பகல் போயிற்று, மறுநாள் பொழுது விடிந்தது. மாதியின் கதறல் ஓயவில்லை. தொண்டை கட்டி, பிறகு வெறும் காற்றாக வந்தது. அடுப்பு மூட்டவில்லை. தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. பிள்ளையின் முகத்தில் ஈ உட்காரத் தொடங்கியது. மாதி முந்தானையால் விரட்டிக்கொண்டே இருந்தாள்.

வெயில் உறைக்கும் நேரம். ஊர்க் கோடியில் நாய்கள் குரைத்துவிட்டு ஒரே சமயத்தில் அடங்கின. கெம்பன் தலை தூக்கிப் பார்த்தான். தெருவில் கிழிகாதி தனியாக நடந்து வந்துகொண்டிருந்தாள்.

பழி வாங்க வந்திருக்கிறாள் என்றுதான் ஊர் நினைத்தது. படல்களின் இடுக்கு வழியே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கெம்பனும் அப்படித்தான் நினைத்தான். ஆனால் அவன் ஓடவில்லை. எழுந்து வந்து முள்ளுக்குப் பின்னால் மண்டி போட்டான். வழக்கப்படி, வாங்க பெரியம்மா என்று சொல்ல வாய் திறந்தது. சத்தம் வரவில்லை. அந்த வார்த்தையைச் சொல்ல அவனுக்கு நாக்கு இல்லை.

"என்னை மிதிச்சுடுங்க" என்று மட்டும் சொன்னான்.

கிழிகாதி அவனைப் பார்க்கவில்லை. துதிக்கையால் இலந்தை முள்ளை வாரி ஓரமாக எறிந்தாள். முள் கிழித்துத் துதிக்கை நுனியில் ரத்தம் வந்தது. குடிசைக் கூரையின் விளிம்பு அவள் நெற்றிக்குத் தாழ்வாக இருந்தது. அங்கேயே வாசலில் நின்று தலையைத் தாழ்த்தினாள்.

மாதி நிமிர்ந்து பார்த்தாள்.

"எதுக்கு வந்தே?" என்றாள். "உன் பிள்ளையைக் கொன்ன வீடு இது."

"தெரியும்."

"அப்புறம் எதுக்கு வந்தே? வேடிக்கை பார்க்கவா?"

"உன் சத்தம் நேத்துலேர்ந்து மலைக்குக் கேக்குது" என்றாள் கிழிகாதி. "அது எந்தச் சத்தம்னு எனக்குத் தெரியும். கேட்டுட்டு மேய முடியலை."

மாதி பிள்ளையின் முகத்து ஈயை விரட்டினாள். பிறகு சொன்னாள்:

"அவர் உன்னை வாங்கன்னு சொன்னப்போ நானும் பக்கத்துலதான் நின்னேன். குழி இருக்குதுன்னு எனக்குத் தெரியும். நான் வாயைத் திறக்கலை."

"பார்த்தேன். உன் கையில கலயம் ஆடிச்சு."

"எங்களை மன்னிச்சுட்டியா?"

"இல்லை" என்றாள் கிழிகாதி. "அது அப்படியேதான் இருக்கு. அது வேற, இது வேற."

மாதிக்கு அந்தப் பதில் ஏனோ ஆறுதலாக இருந்தது. மன்னித்துவிட்டேன் என்று அவள் சொல்லியிருந்தால் நம்பியிருக்க மாட்டாள். பிள்ளையின் தலையைத் தடவிக்கொண்டே கேட்டாள்:

"நீ எப்படி உன் பிள்ளையை விட்டுட்டுப் போனே? என்னால கீழே வைக்க முடியலையே. வைன்னு மனசு சொல்லுது, கை கேக்க மாட்டேங்குது."

"என்னாலயும் முடியலை. குழிக்குள்ள துதிக்கையை விட்டுத் தூக்கித் தூக்கிப் பார்த்தேன். முதல் நாள் எழுந்துடுவான்னு நினைச்சேன். ரெண்டாம் நாள் எழுந்திருக்க மாட்டான்னு தெரிஞ்சுது, இருந்தாலும் தூக்கினேன். மூணாம் நாளும் தூக்கியிருப்பேன். என் அக்கா தங்கச்சிங்க என்னை ஒட்டி நின்னாங்க. யாரும் எதுவும் சொல்லலை. விடுன்னு சொல்லலை, அழாதேன்னு சொல்லலை. உடம்போட உடம்பு ஒட்டி நின்னாங்க. அவங்க மேல சாஞ்சுக்கிட்டுத்தான் நான் துதிக்கையை வெளியே எடுத்தேன்."

"எனக்குச் சாய யாரும் இல்லையே" என்றாள் மாதி.

"நான் நிக்கிறேன்."

அவ்வளவுதான் சொன்னாள். வாசலில் அசையாமல் நின்றாள். மாதி பிள்ளையைத் தூக்கிக்கொண்டு மெல்ல எழுந்து வந்து, அவளுடைய முன்னங்காலில் சாய்ந்து உட்கார்ந்தாள். இரண்டு நாளாகக் காய்ந்து கிடந்த கண்ணிலிருந்து அப்போதுதான் தண்ணீர் வந்தது. அதுவரைக்கும் அவள் கத்திக்கொண்டுதான் இருந்தாள், அழவில்லை.

இதையெல்லாம் அடுத்த குடிசையிலிருந்து நாகி கேட்டுக்கொண்டிருந்தாள். காட்டு மிருகம் ஒன்று, குட்டியைக் கொன்றவன் வாசலில் வந்து நிற்கிறது. நாம் படலுக்குப் பின்னால் நிற்கிறோம். அவளுக்கு அது பொறுக்கவில்லை. கெம்பன் மேல் அவளுக்கு இருந்த கசப்பும் போகவில்லை. எடுத்து வைத்திருந்த கேழ்வரகுக் கூழைக் கலயத்தோடு தூக்கிக்கொண்டு படலைத் தள்ளித் திறந்தாள்.

"நாகி, போகாதே! கூடவே வந்துடும்!" என்று எதிர்வீட்டிலிருந்து யாரோ கத்தினார்கள்.

"வரட்டும்" என்றாள் நாகி. "என் வீட்டுக்கு அது வந்து ரெண்டு வருஷமாச்சு. இன்னும் போகலை."

அவள் நேராகக் கெம்பன் முன்னால் போய் நின்றாள். கெம்பன் அவளை ஏறிட்டுப் பார்க்கத் துணியவில்லை.

"என் வீட்டுக்காரரை நான் தனியாளா இழுத்துட்டுப் போனேன்" என்றாள். "பாயில போட்டு, கயிறு கட்டி, மாடு இழுக்கிற மாதிரி இழுத்தேன். வழியில தலை ஒரு கல்லுல இடிச்சுது. செத்தவருக்கு வலிக்காதுன்னு தெரியும். இருந்தாலும் உக்காந்து அந்த இடத்தைத் தேய்ச்சு விட்டேன். அதை நான் மறக்க மாட்டேன், அண்ணா."

கெம்பன் முகத்தை மூடிக்கொண்டான்.

நாகி குடிசை வாசலுக்குப் போய்க் கலயத்தை வைத்தாள். மாதியின் பக்கத்தில் உட்கார்ந்து அவள் தோளைக் கட்டிக்கொண்டாள். மாதி அவள் கழுத்தில் முகத்தைப் புதைத்தாள். நாகி தன் புருஷனுக்காக அழாமல் வைத்திருந்ததையும் சேர்த்து அழுதாள். எந்த அழுகை யாருக்கு என்று அவர்களுக்கே தெரிந்திருக்காது. கொஞ்ச நேரம் கழித்து நாகி மாதியின் தலையைத் தூக்கி, கூழைக் கையில் எடுத்து ஊட்டினாள். மாதி விழுங்கினாள். பிறகு பாதியில் நின்றிருந்த பிள்ளையின் பின்னலை நாகி பின்னி முடித்தாள்.

ஒரு படல் திறந்தது. பிறகு இன்னொன்று. யாரும் யாரையும் கூப்பிடவில்லை. முள் போட்டுப் போன எதிர்வீட்டுக்காரன் பேசாமல் வந்து, கொல்லையில் கிடந்த கடப்பாரையை எடுத்துத் தோண்டினான். இன்னும் இரண்டு பேர் அவனோடு சேர்ந்துகொண்டார்கள். குழி தயாரானதும் மாதி பிள்ளையைக் கெம்பனிடம் நீட்டினாள்.

"நீதான் தூக்கிட்டு வரணும். அப்பன் நீதானே."

கெம்பன் மகளைத் தூக்கிக்கொண்டு நடந்தான். அவன் கால் பின்னியபோது இரண்டு பக்கமும் ஆட்கள் இருந்தார்கள், விழவில்லை. குழியில் வைத்ததும் கிழிகாதி ஒரு வேங்கைக் கிளையை ஒடித்து, பூவோடு பிள்ளையின் மேல் மெல்ல வைத்தாள். துதிக்கையால் ஒரு பிடி மண் எடுத்துத் தூவினாள். அவளைப் பார்த்து மாதி ஒரு பிடி மண் போட்டாள். நாகி போட்டாள். ஊரார் ஒவ்வொருவராகப் போட்டார்கள்.

எல்லாம் முடிந்ததும் கிழிகாதி திரும்பி நடந்தாள். வழக்கமாக யானைகள் கிளம்பும்போது, போய் வருகிறோம் என்று சொல்லிவிட்டுத்தான் போகும். கெம்பன் பத்தடி அவள் பின்னால் ஓடினான். எதையாவது சொல்லிவிட வேண்டும் என்று அவனுக்கு இருந்தது. அவள் நிற்கவில்லை, திரும்பவில்லை, ஒரு வார்த்தை சொல்லவில்லை. இப்படி ஒரு காரியத்துக்கு இந்த வீட்டுக்கு மறுபடியும் வருகிறேன் என்று எப்படிச் சொல்வாள்? மரங்களுக்குள் அவள் முதுகு மறைகிற வரைக்கும் ஊரே பார்த்துக்கொண்டு நின்றது. அதற்குப் பிறகு ஒரு யானையும் எந்த மனிதனோடும் பேசியதில்லை.

ஊரார் ஒரு மாதம் பயந்துகொண்டே இருந்தார்கள். யார் வீட்டிலும் சாவு வரவில்லை. முள் வெட்டும் வழக்கத்தை யாரும் நிறுத்தச் சொல்லவில்லை, அதுவாகவே நின்றது. நாகி பதினாறு நாள் தினமும் மாதி வீட்டுக்குக் கலயம் கொண்டுபோனாள். கெம்பனோடு மட்டும் அவள் வெகுகாலம் பேசவில்லை. அடுத்த கோடையில் கிழிகாதியின் கூட்டம் இறங்கி வந்தது, வழி கேட்கவில்லை. அவர்கள் தடத்தில் கெம்பன் ஒரு விதைகூடப் போட்டிருக்கவில்லை. இருந்தும் அவனுடைய மேட்டு நிலத்துக்குள் புகுந்து தினையில் பாதியை மிதித்துவிட்டுத்தான் போனார்கள். அவன் பரணிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தான். கல் எறியவில்லை.

மாதி அதற்குப் பிறகு வெகுகாலம் வாழ்ந்தாள். காலையில் யார் வீட்டுப் பிள்ளைக்காவது தலை வாரும் சத்தம் கேட்டால் கொஞ்ச நேரம் கை வேலையை நிறுத்துவாள். பிறகு மறுபடியும் செய்வாள். ஊரில் எந்த வீட்டில் அழுகுரல் கேட்டாலும் முதலில் போய் நிற்பவள் அவளாகத்தான் இருந்தாள்.

அன்று முதல்தான், கல்யாணத்துக்கு அழைத்தால் மட்டுமே போகிற நாம், சாவு வீட்டுக்குச் சேதி காதில் விழுந்ததும் அழைக்காமலே போகிறோம். முகம் பார்த்துப் பேசாத பகையாளியும் அன்றைக்கு வந்து ஓரமாக நிற்கிறான். அங்கே யாரும் நம்மை வாங்க என்று சொல்வதில்லை, நாமும் போய் வருகிறோம் என்று சொல்வதில்லை, நிற்க வேண்டிய நேரம் நின்றுவிட்டுப் பேசாமல் எழுந்து வந்துவிடுகிறோம்.